காலனிக்கு ஒரு கம்பி

ஊராட்சியின் உடற்பயிற்சிக் கூடம் ஊர்த்தெருவில், கோயிலுக்குப் பின்னால் இருக்கிறது. காலனிக்காரர்கள் வரக்கூடாது என்று யாரும் பலகை எழுதி வைக்கவில்லை. காலனிப் பையன்கள் போகும் நேரத்தில் மட்டும் சாவி வைத்திருப்பவர் இருப்பதில்லை. ஆள்சேர்ப்பு முடியும்வரை ஊர்ப்பெயரை எழுத வேண்டாம் என்று பையன்கள் கேட்டுக்கொண்டார்கள். எழுதவில்லை.

நாங்கள் போன மாலையில் மேல்நிலைத் தொட்டியின் அருகே பன்னிரண்டு பேர் இருந்தார்கள். பழைய தண்ணீர்க் குழாய் இரண்டை நட்டு, குறுக்கே ஒன்றைப் பற்றவைத்திருக்கிறார்கள். வெல்டிங் வேலைக்குப் போகும் ஒருவரின் கைவேலை. பிடி வழுக்காமலிருக்க சைக்கிள் டியூப் சுற்றியிருக்கிறது. உள்ளங்கை காய்த்துப்போனவர்களுக்கு அதுவும் தேவைப்படவில்லை.

இது பொழுதுபோக்கு அல்ல. அக்னிவீர் உடற்தகுதித் தேர்வில் பார் எடுப்பதற்கு 40 மதிப்பெண். 10 முறை எடுத்தால் முழு மதிப்பெண். 6 முறை என்றால் 16 மட்டுமே. காவலர் தேர்வில் ஆண்களுக்குக் கயிறு ஏறுதல் உண்டு. 5 மீட்டர் ஏறினால் ஒரு நட்சத்திரம், 6 மீட்டர் ஏறினால் இரண்டு. இரண்டுக்கும் வேண்டியது பிடியும் முதுகும்தான். ஒருமுறைகூட எடுக்க முடியாதவர்களை மற்றவர்கள் தூக்கிவிடுகிறார்கள். தாடை கம்பிக்கு மேலே நிற்க, அங்கிருந்து மெல்ல மெல்ல இறங்க வேண்டும். இறங்கி இறங்கித்தான் ஏறுவதற்குப் பலம் வருகிறது என்றார் ஒரு தம்பி. மூன்று மாதத்துக்கு முன்பு ஒன்றுகூட எடுக்க முடியாதவர், அன்று எட்டு எடுத்தார்.

செல்போனில் பார்த்து மசில் அப்பும் பழகுகிறார்கள். கட்டணம் கட்டி ஜிம்முக்குப் போகாமல், நியூயார்க்கின் கருப்பின இளைஞர்கள் பூங்காக் கம்பிகளில் வளர்த்தெடுத்த விளையாட்டு அது. அந்தக் கதையைச் சொன்னபோது, "அங்கேயும் சாவி கிடைக்கலையா அண்ணா?" என்று ஒருவர் கேட்க, எல்லோரும் சிரித்துவிட்டார்கள்.

இப்போது புறம்போக்கில் கம்பி நட்டிருப்பதாக மனு போயிருக்கிறது. இரண்டு வாரத்தில் அகற்றச் சொல்லிவிட்டார்கள். அதே புறம்போக்கில் சாதிச் சங்கக் கொடிக்கம்பங்கள் நிற்கின்றன. எண்ணிப் பார்த்தோம், நான்கு. அவற்றின் மேல் மனு ஏதும் இல்லை.

அக்டோபர் 2 கிராமசபையில், காலனிக்கென ஒரு பார், ஒரு பாரலல் பார், கயிறு கட்ட ஒரு கம்பம் கேட்டுத் தீர்மானம் கொண்டுவரப் போகிறார்கள். நாங்களும் போகிறோம். அதற்குள் கம்பியைப் பிடுங்கிவிட்டால் எந்தப் புளியங்கிளையில் தொங்குவது என்று பையன்கள் இப்போதே பார்த்து வைத்திருக்கிறார்கள்.