சித்தி என்னும் சொல்

அரசியல் மேடைகளில் அடிக்கடி காதில் விழும் தொடர் ஒன்று உண்டு: 'மாற்றாந்தாய் மனப்பான்மை'. நிதி ஒதுக்காத அரசையும், சாலை போடாத நகராட்சியையும் ஏசுவதற்கு இத்தொடரே கைகொடுக்கிறது. பாவம், ஏச்சுக்கு உவமையாகிப் போனவளைப் பற்றி எவரும் எண்ணிப் பார்ப்பதில்லை.

நம் உறவுமுறைச் சொற்கள் அத்தனை கடுமையானவை அல்ல. தாயின் தங்கையும் சித்தி. தந்தையின் இரண்டாம் மனைவியும் சித்தி. மனைவி இறந்தால் அவள் தங்கையையே மணமுடித்து வைக்கும் பழைய வழக்கத்தில் இருவரும் ஒருவராகவே இருப்பதுண்டு. பிள்ளை புதிய முறை சொல்லிப் பழக வேண்டிய தேவை அங்கே எழவில்லை. இன்றோ சித்தியாக வருபவர் பெரும்பாலும் முன்பின் அறியாதவர். சில வேளைகளில் தம் குழந்தையையும் கைப்பிடித்து அழைத்து வருகிறார். உறவின் பெயர் ஆயத்தமாக இருக்கிறது. உறவுதான் இனி உண்டாக வேண்டும்.

எங்கள் இல்லத்தில் அவ்வாறே நேர்ந்தது. ஆகவே இதைப் பற்றி எழுத எனக்குச் சிறிது உரிமை உண்டெனக் கருதுகிறேன். சித்தி வந்தபோது எனக்கு வயது 12, அண்ணனுக்கு 16. உடன் வந்த தங்கைக்கு 6. 'அம்மா என்று கூப்பிடு' என உறவினர் வற்புறுத்தினர். சித்தியோ, "உங்கம்மா இடம் உங்கம்மாவுக்குத்தான். என்னைச் சித்தின்னே கூப்பிடு" என்று சொல்லிவிட்டார். அம்மாவின் படம் கூடத்தை விட்டு நகரவில்லை. வெள்ளிக்கிழமைதோறும் அதற்குப் பூ வைப்பவர் சித்திதான். பெற்றவளை மறக்க வேண்டியதில்லை என்று தெரிந்த பிறகே பிள்ளை மனம் புதியவரை ஏற்கத் துணிகிறது. அண்ணன் மட்டும் ஓராண்டுக் காலம் எந்த முறையும் சொல்லாமல் 'இந்தாங்க' என்றே காலந்தள்ளினான். அதற்கும் சித்தி முகம் சுளித்ததில்லை.

கண்டிப்புதான் மிகக் கடினமானது. பெற்றவள் அடித்தால் வளர்ப்பு. சித்தி அதட்டினால் கொடுமை! 'வயிறாரச் சோறு போடுகிறாளா?' என்று தெருவே பிள்ளையை விசாரிக்கும். எனவே தொடக்க ஆண்டுகளில் அவரவர் பெற்ற பிள்ளைகளை அவரவரே கண்டிப்பது நலம். எங்கள் தந்தை எங்களைத் தாமே கண்டித்தார். தங்கையைச் சித்தியிடம் விட்டுவிட்டார்.

தெருவின் பேச்சு சிறியதன்று, நண்பர்களே! இராமனுக்கு முடிசூட்டு விழா என்று கேட்டதும் மகிழ்ந்து மந்தரைக்கு மாலை பரிசளித்தவளும் கைகேயிதான். இடையில் புகுந்த பேச்சு என்ன செய்தது என்பதை நாம் அறிவோம்.

இவ்வுறவில் சட்டமும் ஒரு கண்ணில் வெண்ணெயும் மறு கண்ணில் சுண்ணாம்பும் வைக்கிறது. 2007ஆம் ஆண்டின் பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டத்தில் 'பெற்றோர்' என்னும் சொல் மாற்றாந்தாயையும் மாற்றாந்தந்தையையும் உள்ளடக்கும். ஆனால் 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் நிலைமை வேறு. மாற்றாந்தாயின் சொத்தில், கணவருடைய மூத்த தாரத்துப் பிள்ளை 'மகன்' என்ற முறையில் பங்கு கோர இயலாது என 1987இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவ்வாறே, எங்கள் தந்தை உயில் எழுதாவிட்டால் அவருடைய வீட்டில் தங்கைக்கு மகள் என்ற பங்கு கிடையாது.

இதை முதலில் எடுத்துச் சொன்னவன் சட்டம் படித்த அண்ணன். தங்கையின் பெயரையும் சேர்த்து உயில் எழுதத் தந்தையைச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துச் சென்றவனும் அவனே.