எண்ணற்ற என்பது எவ்வளவு?

‘ஒரு பிரதியின் அர்த்தங்கள் எண்ணற்றவை’ என்று நாம் எழுதிவருகிறோம். நானும் எழுதியிருக்கிறேன். கணினித் துறை நண்பர் ஒருவர் கேட்டார்: “எண்ணற்றவையா, முடிவற்றவையா? ரெண்டும் ஒண்ணு இல்லையே.” தமிழ் எம்.ஏ. படித்த எனக்கு அன்று பதில் தெரியவில்லை. பிறகு தேடிப் படித்ததன் தொகுப்பு இது.

முடிவிலி என்பது மிகப் பெரிய எண் அல்ல. 1638இல் கலிலியோ ஒரு சிக்கலைச் சுட்டினார். 1, 2, 3 என்ற ஒவ்வோர் எண்ணுக்கும் 1, 4, 9 என ஒரு வர்க்கம் உண்டு. இரண்டையும் ஜோடி சேர்த்துக்கொண்டே போகலாம். பகுதி முழுமைக்குச் சமமாகிவிடுகிறது. எனவே பெரிது, சிறிது, சமம் என்கிற பேச்சே முடிவிலிக்குப் பொருந்தாது என்று அவர் நின்றுகொண்டார். ஜெர்மனியில் பணியாற்றிய கேண்டர் அங்கே நிற்கவில்லை. ஜோடி சேர்க்க முடிந்தால் சமம் என்பதையே அளவுகோலாக்கினார்.

இந்த அளவுகோலின்படி, தமிழில் எழுதப்படக்கூடிய எல்லாப் பிரதிகளும் ஒரே பட்டியலுக்குள் வந்துவிடும். குறைந்த எழுத்துள்ளவை முதலில், சம நீளமுள்ளவை அகரவரிசையில். பட்டியல் முடியாது, ஆனால் எந்தப் பிரதிக்கும் அதில் ஒரு வரிசையெண் உண்டு. கணினி நிரல்களும் அப்படித்தான். ஆக, நாம் எழுதக்கூடிய வாசிப்புகள் முடிவற்றவை, ஆனால் எண்ணத்தக்கவை.

எண்ணற்றது வேறு. 0, 1 மட்டுமே கொண்ட முடிவற்ற வரிசைகள் அனைத்தையும் ஒருவர் பட்டியலிட்டுவிட்டதாக வைத்துக்கொள்வோம். முதல் வரிசையின் முதல் இலக்கத்தை மாற்றுங்கள், இரண்டாவதின் இரண்டாவதை மாற்றுங்கள், இப்படியே போங்கள். மாற்றிய இலக்கங்களால் ஆன புதிய வரிசை பட்டியலில் எங்குமே இருக்காது. கேண்டர் 1891இல் தந்த நிரூபணம் இது. நிரல்களோ எண்ணத்தக்கவை. எனவே, எந்த நிரலாலும் எழுதித்தர முடியாத வரிசைகள் இருந்தே தீரும். 1936இல் ட்யூரிங் கணிப்பின் எல்லையைக் காட்டியதும் இந்த உத்தியின் துணையோடுதான்.

கணினிக்குள்ளும் ‘முடிவிலி’ என்றொரு குறி இருக்கிறது. 1985இல் வந்த ஐஇஇஇ 754 தரநிலை அதை வரையறுத்தது. 64 பிட் மிதவைப்புள்ளி எண் ஏறக்குறைய 1.8 × 10³⁰⁸ஐத் தாண்டினால் இயந்திரம் ‘முடிவிலி’ என்று சொல்லிவிடும். முடிவிலியிலிருந்து முடிவிலியைக் கழித்தால் ‘எண் அல்ல’ என்று கைவிரித்துவிடும். கேண்டரின் முடிவிலி ஒரு நிரூபணம். இயந்திரத்தினுடையது, ‘இதுக்கு மேல என்னால முடியாது’ என்கிற ஒப்புதல்.

நம்முடைய ‘எண்ணற்ற’ இதில் எது? பெரும்பாலும் இரண்டாவதுதான். அர்த்தங்கள் விஷயத்தில் இதனால் பெரிய நஷ்டமில்லை. ஆனால் துண்டுப்பிரசுரங்களில் ‘எண்ணற்றோர் கொல்லப்பட்டனர்’ என்றும் எழுதுகிறோமே! கொல்லப்பட்டவர்கள் முடிவிலி அல்ல. அவர்களுக்குத் தொகை உண்டு, ஒவ்வொருவருக்கும் பெயர் உண்டு. கணக்குக் காட்ட மறுக்கும் அரசுக்கு ‘எண்ணற்ற’ என்கிற சொல் வசதியானது. எண்ண வேண்டியதை எண்ணுவோம். ‘பட்டியல் முழுமையானது’ என்று அதிகாரம் சொன்னால், விடுபட்டவர் யார் என்று வரிசை வரிசையாகக் காட்டுவோம்.