கழுத்தைத் திருப்பினால் கீச்சிடும் பொம்மை

ஜப்பானின் வடகிழக்கே தோஹோகு மலைப்பகுதியில் கிண்ணமும் தட்டும் கடைந்து பிழைத்தவர்கள், வெந்நீர் ஊற்றுகளில் உடல்வலி தீரக் குளிக்க வந்தவர்களுக்கு விற்பதற்காக 19ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் செய்யத் தொடங்கிய மரப்பொம்மைதான் கோகேஷி. அதற்குக் கை கால் கிடையாது. உருளை உடல், உருண்டைத் தலை, சில தூரிகைக் கோடுகளில் ஒரு முகம், அவ்வளவுதான். முதிய கைவினைஞர்களுக்குப் பிறகு பட்டறையில் உட்கார இளையவர்கள் குறைந்து வருகிறார்கள். நல்ல பொம்மைகளை அருங்காட்சியகத்தில் பத்திரப்படுத்தினால் போதாதா என்று கேட்கலாம். போதாது. நருகோ ஊர்ப் பொம்மையின் தலையைத் திருப்பினால் கீச்சென்று ஒலி வரும். கடைசல் எந்திரத்தில் உடல் சுழலும்போதே, அதிலுள்ள குழிக்குள் அதைவிடச் சற்றே பெரிய கழுத்து முளையை அழுத்திப் பொருத்துகிறார்கள். எவ்வளவு அழுத்தினால் முளை இறங்கும், எவ்வளவுக்கு மேல் போனால் மரம் பிளக்கும் என்பது கைக்குத்தான் தெரியும். மிசுகி மரத்தை மாதக்கணக்கில் உலர்த்துவதும், தன் உளியைத் தானே அடித்துச் செய்துகொள்வதும் அப்படியே. கண்ணாடிப் பெட்டிக்குள் நிற்கும் பொம்மை இதில் எதையும் கற்றுத் தராது.

குழந்தைகளே விளையாடாத பொம்மையை ஏன் பிடித்துவைத்திருக்க வேண்டும் என்பது இன்னொரு கேள்வி. இந்தக் கேள்வி நூறாண்டுப் பழையது. தகரப் பொம்மையும் செல்லுலாய்டு பொம்மையும் வந்தபோதே குழந்தைகள் கோகேஷியை விட்டுவிட்டார்கள். அன்று அதைக் காப்பாற்றியவர்கள் பெரியவர்களான சேகரிப்பாளர்கள். செந்தாய் நகரின் அமாயே தோமியா 1928இல் இதைப் பற்றி ஒரு நூலே வெளியிட்டார். ஊருக்கு ஊர் வெவ்வேறு பெயரில் வழங்கிய பொம்மைக்குக் கோகேஷி என்ற பொதுப்பெயர் உறுதியானதும் 1940இல் நருகோ பகுதியில் ஆர்வலர்கள் கூடிப் பேசிய பிறகுதான். ஆகவே புதிய வடிவமும் புதிய வாடிக்கையாளரும் மரபைக் கெடுத்துவிடும் என்ற அச்சத்தை என்னால் முழுதாக ஏற்க முடியவில்லை. மரபு பிழைத்ததே புதிய வாடிக்கையாளரால்தான். ஆனால் அந்த அச்சத்தில் ஒரு நியாயம் உண்டு. மலிவான நினைவுப் பொருளும் கோகேஷி என்ற பெயரிலேயே விற்கிறது. வேறுபாடு தெரியாமல் வாங்கினால் அந்தப் பணம் பட்டறைக்குப் போய்ச் சேராது. மியாகி மாநிலக் கோகேஷிக்கு 1981இல் அரசு மரபுக் கைவினை அங்கீகாரம் அளித்தது. அது பெருமைதான், ஆனால் தொழில் படியும்வரை ஆண்டுக்கணக்கில் பழகும் இளைஞருக்குச் சோறு போடுவது விற்பனைதான். ஜப்பானுக்குப் போகிறவர்கள் கோகேஷி வாங்கும்முன் அதன் அடிப்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். பட்டறையில் செய்ததென்றால், செய்தவர் தன் பெயரை அங்கே எழுதியிருப்பார். பெயர் உள்ளதையே வாங்குங்கள்.