கச்சான் காற்றும் கொழுந்தின் கடிகாரமும்

இலங்கையின் ஊவா மலைகளில் ஜூலை முதல் செப்டம்பர் வரை வீசும் கச்சான் காற்று அங்குள்ள தேயிலைத் தொழிற்சாலைகளின் உருவத்தையே வகுத்திருக்கிறது. தென்மேல் பருவக்காற்று தன் மழையை மலைநாட்டின் மேற்குச் சரிவுகளில் கொட்டிவிட்டு, வறண்ட காற்றாக அப்புத்தளை, பண்டாரவளை, பதுளைப் பக்கம் இறங்கும்போது, தேயிலைச் செடியின் வளர்ச்சி தளர்ந்து அதன் மணச் சேர்மங்கள் செறிவடைகின்றன. மூட்டுவலித் தைலங்களில் மணக்கும் மெத்தில் சாலிசிலேட் அவற்றுள் ஒன்று. ஊவாத் தேயிலையின் தனி நெடியிலும் அப்பருவத்தில் அத்தேயிலைக்குக் கிடைக்கும் உயர்ந்த விலையிலும் இச்சேர்மத்துக்குப் பெரும்பங்கு உண்டு.

தம்பேதன்ன தோட்டத்தில் 1890இல் எழுந்ததைப் போன்ற பழைய தொழிற்சாலைகள், தோட்ட மக்கள் ‘ஸ்டோர்’ என்பவை, வரிசை வரிசையாகச் சன்னல் வைத்த மாடிக் கட்டடங்களாக அமைந்ததற்கு இக்காற்றைப் பிடிக்கும் நோக்கமும் காரணமாகும். மேல்மாடிகளில் சாக்குத் துணித் தட்டுகளில் மெல்லியதாகப் பரப்பப்பட்ட கொழுந்து அங்கே வாடியது. வாடுதல் என்பது நீர் வற்றுவது மட்டுமன்று. பறித்த பின்னும் உயிர்ப்புடன் இருக்கும் இலையில் புரதங்கள் அமினோ அமிலங்களாகச் சிதைந்து, பின்னர் மணமாக மாறவேண்டிய பொருள்கள் அப்போதுதான் உருவாகின்றன. இவ்வேதி மாற்றத்துக்குப் பல மணி நேரம் தேவைப்படுகிறது. அதன் பிறகே, உள்ளங்கைகளுக்கிடையே இலையைத் திருகும் அசைவை இரும்பில் வார்த்ததுபோன்ற ரோலர் உயிரணுக்களை உடைக்க, இலையின் நொதியமும் பொலிபீனோல்களும் காற்றிலுள்ள ஒட்சிசனுடன் கலந்து நிறமும் சுவையும் பிறக்கின்றன; உலர்த்தியின் வெப்பம் அந்நொதியத்தை முடக்கி வினையை நிறுத்துகிறது.

கம்பிவலைமேல் கொழுந்தைத் தடிப்பாகப் பரப்பி, அடியிலிருந்து விசிறியால் காற்றை ஊதும் தொட்டிகள் வந்தபின் மாடிகளின் தேவை குறைந்தது. வடகீழ்ப் பருவ மழைக்காலத்தில் அத்தொட்டிகள் இன்றி வேலை நடவாது என்னும் வாதத்தில் நியாயமுண்டு. எனினும் விசிறியும் வெப்பமும் நீரை விரைந்து அகற்றுமே தவிர, வேதி மாற்றத்தை அதே அளவுக்கு விரைவுபடுத்துவதில்லை. ஈரமானி காட்டும் எண்ணை மட்டும் நம்பிக் கொழுந்தை ரோலருக்கு இறக்கினால், எடை சரியாக இருந்தும் மணம் முதிராத தேயிலையே கிடைக்கும்.

இப்பொறிகளைவிடக் கவலைக்குரியது, அவற்றை உரிய நேரத்தில் நிறுத்தத் தெரிந்த கைகள் அருகிவருவதாகும். கொழுந்தைப் பிடித்து அழுத்தி, காம்பு முறியாமல் வளைகிறதா என்றும் பச்சை நெடி நீங்கியதா என்றும் அறியும் திறன் எந்தப் பொறியுடனும் சேர்ந்து வருவதில்லை. கொழுந்து வாடும் இராமுறை வேலையில் மூத்தவரருகே நின்று பல பருவங்கள் பழகியே அது கைவரும். தோட்டத்து இளைஞர்கள் கொழும்புக்கும் வளைகுடா நாடுகளுக்கும் போய்விட, வாட்டு மாடியின் இராமுறைக்குப் புதிதாக ஆள் பிடிப்பது கடினமாகிவருகிறது.