தோள்நோவும் குறியீடும்: ஒரு நோய் தன் இடத்தைப் பெறும் முறை

நோயை அறிந்து பெயரிடுவது மருத்துவத்தின் பணி. பெயரிட்ட நோய்களை வகுத்து எண்ணுவது ஆட்சியியலின் பணி. இவ்விரண்டும் கூடுமிடத்தில் பிறந்ததே நோய்க்குறியீடு. மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும் ஒருவரது கோப்பில், மருத்துவர் எழுதிய சொற்களுக்கு அருகே எழுத்தும் எண்ணும் கலந்த சிறு குறி ஒன்று இடம்பெறுகிறது. நோயாளி அதனைப் பெரும்பாலும் பார்ப்பதில்லை. ஆயினும் காப்பீட்டுக் கோரிக்கை, மருத்துவமனை நிதி, நாட்டின் நோய்க்கணக்கு ஆகிய பலவும் அக்குறியைச் சார்ந்தே அமைகின்றன. அக்குறி எவ்வாறு உருவாகிறது, அதில் மொழிக்குரிய பங்கு யாது என்பனவற்றைத் தோள்மூட்டில் படிகம் படிவதால் உண்டாகும் நோயை எடுத்துக்காட்டாகக் கொண்டு காண்போம்.

படிகங்கள் மூன்று

நம் மூட்டுகளுக்குள் உராய்வைத் தடுக்கும் வழவழப்பான நீர் சிறிதளவு உண்டு. அந்நீரிலும், சூழ்ந்துள்ள குருத்தெலும்பு, தசைநாண் ஆகியவற்றிலும் சிலருக்கு நுண்ணிய படிகங்கள் தோன்றுகின்றன. உடலின் காப்பணுக்கள் அவற்றைப் பகையெனக் கொண்டு தாக்கும்போது மூட்டு வீங்கிச் சிவந்து வெப்பமுற்று வலிக்கிறது.

இப்படிகங்களுள் முதன்மையானவை மூன்று. யூரிக் அமிலத்தின் உப்பாகிய யூரேட் முதலாவது. 'கௌட்' என்னும் நோய்க்கு இதுவே காரணம். கால்சியம் பைரோபாஸ்பேட் இரண்டாவது. முதியோரை மிகுதியும் பற்றுவது. எலும்புக்கும் பல்லுக்கும் உறுதி தரும் கால்சியம் பாஸ்பேட் வகையைச் சேர்ந்த ஹைட்ராக்சிஅபடைட் மூன்றாவது. கௌட் பெரும்பாலும் கால் பெருவிரலைத் தாக்கும். தோளில் அரிதாகவே காணப்படும். கால்சியப் படிகங்களுக்கோ தோள் பழகிய இடம்.

1961ஆம் ஆண்டில் அமெரிக்க மருத்துவர்களாகிய டேனியல் மெக்கார்ட்டியும் ஜோசப் ஹாலண்டரும், ஒளியலைகளை ஒரே தளத்தில் அதிரச் செய்யும் நுண்ணோக்கியைக் கொண்டு மூட்டுநீரில் யூரேட் படிகங்களை இனங்காணும் வழியைக் காட்டினர். ஊசி வடிவில் இருப்பது யூரேட். சாய்சதுர வடிவில் இருப்பது பைரோபாஸ்பேட். ஹைட்ராக்சிஅபடைட்டோ மிக நுண்ணியது. சாதாரண நுண்ணோக்கிக்குத் தனிப் படிகமாகப் புலப்படாது. 1981இல் மெக்கார்ட்டி குழுவினர் முதிய பெண்களிடம் கண்ட கடுமையான தோள்சிதைவு ஒன்றிற்கு அவர்கள் பணியாற்றிய நகரின் பெயரால் 'மில்வாக்கி தோள்' என்று பெயரிட்டனர். அதன் மூட்டுநீரில் இருந்தவை இத்தகைய கால்சியம் பாஸ்பேட் படிகங்களே.

குறியீட்டின் இலக்கணம்

1893இல் சிகாகோவில் கூடிய அனைத்துலகப் புள்ளியியல் கழகம், பாரிஸ் நகரின் புள்ளியியலறிஞர் ஜாக் பெர்ட்டியோன் வகுத்த இறப்புக் காரணங்களின் பட்டியலை ஏற்றது. 1948இல் உலகச் சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வெளிவந்த ஆறாம் திருத்தம், இறப்போடு நில்லாமல் உயிரோடிருப்போரின் நோய்களையும் சேர்த்துக்கொண்டது. 1990இல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தம் இன்றும் பல நாடுகளில் வழங்குகிறது. ஆஸ்திரேலியா, அமெரிக்கா முதலிய நாடுகள் தத்தம் தேவைக்கேற்ப அதனை விரித்துக்கொண்டன.

பத்தாம் திருத்தத்தின் குறியைத் தமிழிலக்கணம் பகுபதத்தைப் பிரிப்பதுபோல் பிரித்துக் காணலாம். 'எம்' என்னும் எழுத்து தசை, எலும்பு, இணைப்புத்திசு நோய்களைக் குறிக்கும். 'எம் 10' கௌட். 'எம் 11' பிற படிக மூட்டுநோய்கள். புள்ளிக்குப் பின் வரும் எண் வகையை உரைக்கும்: 'எம் 11.0' என்றால் ஹைட்ராக்சிஅபடைட் படிவு. அதனை அடுத்து வரும் எண் உடலிடத்தைச் சுட்டும். தோள் 1, மேற்கை 2, முன்கை 3, கை 4 என அது செல்லும். அமெரிக்கப் பதிப்பு ஆறாவது இடத்தில் பக்கத்தையும் சேர்க்கிறது: வலம் 1, இடம் 2, குறிப்பிடப்படாதது 9. ஆகவே அப்பதிப்பில் 'எம் 11.011' என்பது 'வலத்தோளில் ஹைட்ராக்சிஅபடைட் படிவு' என்னும் முழுத்தொடராகும்.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. அதே கால்சியப் பொருள் மூட்டினுள் அன்றித் தோளின் தசைநாணில் படிந்தால் அது 'எம் 11' குடும்பத்தை விட்டு நீங்கி, 'எம் 75.3' என்னும் தோள்நோய்க் குடும்பத்திற்குச் சென்றுவிடுகிறது. இறுகிய தோள் 'எம் 75.0'. காரணம் எதுவும் அறியப்படாத வெறும் மூட்டுவலி 'எம் 25.5'. கிருமியால் சீழ்கொண்ட மூட்டு 'எம் 00'. இவை அனைத்தும் நோயாளியின் வாயில் ஒரே தொடராகவே வெளிப்படக்கூடும்: "தோள் வலிக்கிறது."

வேறுபாடு ஏட்டளவில் நிற்பதன்று. யூரிக் அமிலத்தைக் குறைக்கும் மருந்து கால்சியப் படிகத்தைக் கரைக்காது. சீழ்கொண்ட மூட்டைப் படிகநோய் எனக் கருதிக் காலந்தாழ்த்தினால் சில நாள்களிலேயே குருத்தெலும்பு அழியும். படிகமும் கிருமியும் ஒரே மூட்டில் கூடியிருத்தலும் உண்டு. ஆதலால் ஐயமுள்ளவிடத்து மூட்டுநீரை எடுத்துச் சோதித்தல் இன்றியமையாதது. அமெரிக்க விதிகளின்படி, வெளிநோயாளர் பதிவில் 'இருக்கலாம்' என ஐயுற்ற நோய்க்குக் குறி இடலாகாது. உறுதிப்படும்வரை அறிகுறிக்கே குறி இடவேண்டும். அறியாததை அறிந்ததுபோல் எழுதாதே என்னும் அறம் அவ்விதியில் உள்ளது.

'கை' என்னும் சொல்

இனி நம் மொழிக்கு வருவோம். குறியிடுவோர் நோயாளியைக் காண்பதில்லை. மருத்துவர் எழுதியதையே படிக்கின்றனர். மருத்துவர் எழுதுவதன் தொடக்கம் நோயாளி சொல்லியது. எனவே குறியீட்டின் முதற்கண்ணி நோயாளியின் சொல்லே ஆகும்.

தமிழில் 'கை' என்பது தோள்முதல் விரல்நுனிவரை முழுவுறுப்பையும் குறிக்க வல்லது. "கையைத் தூக்க முடியவில்லை" என்று ஒரு மூதாட்டி சொன்னால், நோவு தோளில் என்பது தமிழ்க்காதுக்கு எளிதில் விளங்கும். பலதுறை மருந்தகத்தில் உடனிருக்கும் பேரப்பிள்ளை அதனை 'ஹேண்ட்' என்று பெயர்த்தால், ஆங்கிலச் செவியில் நோவு மணிக்கட்டுக்குக் கீழே இறங்கிவிடும். இடத்தை மருத்துவர் தொட்டறிந்து திருத்திக்கொள்வார். தொட்டறிய இயலாதவை வேறு உள: ஓரிரவில் தோன்றிய வலியா, திங்கள்கணக்கில் முதிர்ந்ததா; வீக்கம் முன்னும் வந்து தணிந்ததா; காய்ச்சல் இருந்ததா. ஒருநாளில் பொங்கியெழும் வலி படிகத்தையோ கிருமியையோ நினைவூட்டும். மெல்ல மெல்ல இறுகுவது வேறொன்றை நினைவூட்டும். குத்தல், குடைச்சல், உளைச்சல், கடுப்பு, இழுப்பு என வலியின் வகைகளைக் கூறத் தமிழில் சொல்வளம் உண்டு. அவையனைத்தும் 'பெயின்' என்னும் ஒரு சொல்லுக்குள் அடைபட்டால், மருத்துவர்க்குத் துணையாகக்கூடிய செய்தி வாயிலிலேயே நின்றுவிடும்.

நோயின் பெயரிலும் தெளிவு வேண்டும். 'கீல்' என்பது மூட்டு. 'கீல்வாதம்' என்னும் சொல்லைச் சிலர் கௌட் நோய்க்கும், சிலர் மூட்டழற்சி அனைத்திற்கும் வழங்குகின்றனர். அக்காவுக்குக் 'கீல்வாதம்' என்று எழுதிக்கொடுத்த மருந்தைத் தங்கையும் உண்ணும் நிலை இக்குழப்பத்தில் விளையக்கூடும். 'படிக மூட்டுநோய்' என்பதைப் பொதுப்பெயராகவும், 'யூரேட் படிகநோய்', 'கால்சியப் படிகநோய்' என்பனவற்றை வகைப்பெயர்களாகவும் கொண்டால், பெயரே காரணத்தைச் சொல்லும். துண்டறிக்கை எழுதுவோர்க்கும் மொழிபெயர்ப்பாளர்க்கும் பயன்படும்.

வருங்காலம்

2022 சனவரி முதல் நடைமுறைக்கு வந்த பதினொன்றாம் திருத்தம், அடிக்குறியோடு இடம், பக்கம் முதலியவற்றைத் தனித்தனி ஒட்டுகளாக இணைத்து எழுத இடந்தருகிறது. மேலும் 2024 சனவரியில் ஆயுர்வேதம், சித்தம், யுனானி ஆகிய மருத்துவ முறைகளின் நோய்நிலைகளுக்கும் அத்திருத்தத்தின்கீழ்த் தனித்தொகுதி வெளியிடப்பட்டது. சித்த மருத்துவச் சொற்கள் உலகக் கணக்கேட்டில் இடம்பெறும் காலத்தில் அச்சொற்களின் வரையறையைத் தெளிவாக்கும் கடமை தமிழறிஞர்க்கும் உண்டு.

குறியில் 'குறிப்பிடப்படாதது' என்னும் 9ஆம் எண் சில இடங்களில் தவிர்க்க முடியாதது. ஆயின் சொல்லக் கூடியதைச் சொல்லாமையாலும், சொன்னதைச் சரிவரப் பெயர்க்காமையாலும் அவ்வெண் விழுமாயின் அது மருத்துவத்தின் குறையன்று. மொழியில் நாம் காட்டிய அயர்வு. எந்தத் தோள், எங்கே, எந்நாள்முதல், எவ்வகை வலி என்னும் நான்கையும் தாய்மொழியில் தெளிவுறச் சொல்ல முதியோரைப் பழக்குவோம். உடன்செல்லும் இளையோர் அவற்றைக் குறைக்காமல் பெயர்க்கக் கற்கட்டும். ஆவணத்தில் விழும் சிறு எண்ணின் சரிமை அங்கிருந்தே தொடங்குகிறது.