உதடு முந்தி, மெட்டு பிந்தி

சொன்னால் நம்ப மாட்டீர்கள். 2000 பிப்ரவரியில் வந்த ‘ஹே ராம்’ படத்தின் பாடல் காட்சிகளை எடுத்தபோது, இளையராஜாவின் மெட்டு ஒன்றுகூடப் பிறந்திருக்கவில்லை!

முதலில் இசையமைத்தவர் வயலின் மேதை எல்.சுப்பிரமணியம். அவர் பாடல்களை ஒலிக்கவிட்டுத்தான் கமல்ஹாசன் காட்சிகளை எடுத்தார். பிறகு சுப்பிரமணியம் விலகிவிட, கமல் போய் நின்றது இளையராஜாவின் வாசலில். திரும்ப எடுக்க வேண்டாம், எடுத்த காட்சிக்கே புது மெட்டுப் போட்டுத் தருகிறேன் என்றார் ராஜா.

அது எப்பேர்ப்பட்ட வேலை என்று கொஞ்சம் எட்டிப் பாருங்கள். வழக்கமாக மெட்டு, வரி, குரல் எல்லாம் முடிந்து கடைசியில்தான் உதடு. இங்கே அத்தனையும் தலைகீழ். ஊமையாக ஓடும் படத்தில் வாய் எப்போது திறக்கிறது, எங்கே மூச்சு வாங்குகிறது என்று பார்த்துப் பார்த்துத் தாளக்கட்டைப் பிடிக்க வேண்டும். ப, ம வந்தால் உதடு ஒட்டியே தீரும்; ஒட்டிய உதட்டுக்கு க, த பாடினால் குட்டு வெளிப்பட்டுவிடும். ‘ஆ’ என்று விரிந்த வாயிலிருந்து ‘ஊ’ வந்தால் தியேட்டரே சிரிக்கும். நொடிக்கு 24 ஃபிரேம். வெட்டி ஒட்டிய ஷாட்டை மெட்டுக்காக இழுக்கவும் முடியாது. இத்தனை முட்டுக்கட்டை போட்ட படத்திலா ஹரிஹரனும் ஆஷா போஸ்லேயும் பாடிய ‘நீ பார்த்த பார்வை’ பிறந்தது? எத்தனை தடவை கேட்டாலும் எனக்கு ஆச்சரியம் தீரவில்லை. போதாக்குறைக்குப் பின்னணி இசைக்கு புடாபெஸ்ட் வரை போய் சிம்பொனி இசைக்குழுவை வாசிக்க வைத்தார்.

எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இதில் தலைகால் புரியாத சந்தோஷம் வேறொன்று இருக்கிறது. ராஜபாளையத்தில் பஸ் ஏறினால் கொஞ்ச நேரத்தில் ஸ்ரீவில்லிபுத்தூரின் 11 நிலைக் கோபுரம் கண்ணில் பட்டுவிடும். அந்த ஊர்ப் பெண் ஆண்டாள், தன் கல்யாணக் கனவைத் தோழியிடம் சொன்ன 11 பாசுரங்கள்தான் ‘வாரணமாயிரம்’. ஐயங்கார் வீட்டுக் கல்யாணங்களில் தேங்காய் உருட்டும்போது இன்றைக்கும் பாடுகிறார்கள். காந்தி கொலையைச் சுற்றி நடக்கும் படத்துக்குள், விபா சர்மாவின் குரலில் அந்தப் பாசுரம் உரிமையோடு வந்து உட்கார்ந்துவிட்டது! ராஜாவுக்கு அது புதிதும் அல்ல. 1990-இல் ‘கேளடி கண்மணி’யிலேயே எஸ்.ஜானகியைப் பாட வைத்திருந்தார். 2024 டிசம்பரில் அவரே ஸ்ரீவில்லிபுத்தூர் கோயிலுக்கு வந்தார். அவருடைய ‘திவ்ய பாசுரம்’ இசைக்கு ஆண்டாள் சந்நிதி இருக்கும் அதே வளாகத்தில் நாட்டியம்!

ராஜபாளையத்துக்காரர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம், உங்களுக்கும் பங்கு உண்டு. 1949 முதல் 1952 வரை சென்னை மாகாணத்தை ஆண்ட பி.எஸ்.குமாரசாமி ராஜா, தன் வீட்டையே கொடுத்து உருவாக்கிய காந்தி கலை மன்றம் உங்கள் ஊரில்தானே இருக்கிறது! ஆண்டாளும் காந்தியும் பக்கத்துப் பக்கத்து ஊர்களில். ‘ஹே ராம்’ இசைத்தொகுப்பிலும் அப்படியே, ‘வாரணமாயிரம்’ ஒரு பக்கம், காந்திக்கு உயிரான ‘வைஷ்ணவ ஜனதோ’ இன்னொரு பக்கம்.

அந்த ‘வைஷ்ணவ ஜனதோ’வை இளையராஜா யாரிடம் கொடுத்தார் தெரியுமா? டி.கே.பட்டம்மாளிடம்! 1919-இல் பிறந்தவர், அப்போது வயது 80. 1940-களின் கதை என்றால் அந்தக் காலத்துக் கார் பிடிக்கலாம், வீடு கட்டலாம், உடுப்புத் தைக்கலாம். குரலுக்கு எங்கே போவது? 1947-இல் நாடு விடுதலை பெற்ற வேளையில் வானொலியில் பாரதியைப் பாடிய குரலையே ராஜா மைக் முன்னால் கொண்டுவந்து நிறுத்திவிட்டார். கூடவே பாடியவர், ஆண்டாளைப் பாடிய அதே விபா சர்மா.