கல்வி ஆராய்ச்சியில் கொள்கையின் இடம்



'ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது' என்பது பழமொழி. கொள்கை என்றாலே ஏட்டுச் சுரைக்காய்தான் என்று கருதுவோர் கல்வித் துறையில் பலர் உளர். "புதிய முறையொன்றை வகுப்பில் கையாண்டோம், மதிப்பெண் உயர்ந்தது. இதற்குமேல் கொள்கை எதற்கு?" என்று அவர்கள் வினவுவர். தலைமையாசிரியனாகப் பணியாற்றிய காலத்தில் இவ்வினாவை நான் பன்முறை செவியுற்றதுண்டு. எளிதில் தள்ளிவிடத்தக்க வினா அன்று அது. ஆகவே, அதற்கு விடை காண முயல்வோம்.

கொள்கை என்பது யாது? ஒரு செயல் ஏன் ஒரு விளைவைத் தருகிறது என்பதற்குக் கூறப்படும் காரண விளக்கமே கொள்கை. "இம்முறையால் மாணவர் நன்கு கற்றனர்" என்பது செய்தி. "இன்ன காரணத்தால் கற்றனர்; ஆதலின் இன்ன நிலையில் கற்பர், இன்ன நிலையில் கல்லார்" என்பது கொள்கை. செய்தி நடந்ததைச் சொல்லி நின்றுவிடும். கொள்கையோ நடக்கவிருப்பதையும் முன்னறிந்து கூறத் துணியும்.

செய்தி மட்டும் போதாது என்பதற்கு ஒரு சான்று கூறுவேன். அமெரிக்க நாட்டு மருத்துவர் ஜோசப் மேயர் ரைஸ் என்பார், 30,000-க்கும் மேற்பட்ட சிறுவர்களின் எழுத்துக்கூட்டும் திறனைச் சோதித்து, 1897-இல் தம் முடிவுகளை வெளியிட்டார். நாள்தோறும் நெடுநேரம் எழுத்துக்கூட்டல் பயிற்சி அளித்த பள்ளிகள், 15 நிமிட அளவில் நிறுத்திக்கொண்ட பள்ளிகளைவிடக் குறிப்பிடத்தக்க மேன்மை அடையவில்லை என்று அவர் கண்டார். அரிய செய்திதான்! ஆயினும், கூடுதல் உழைப்பு ஏன் வீணாயிற்று? சோர்வினாலா, பயிற்சி முறையின் குறையினாலா? எண்கள் இதற்கு விடை கூறவில்லை. காரணம் தெரியாதபோது, நாளை என்ன செய்வது என்பதும் தெரியாது.

அக்காலத்தில் உளப்பயிற்சிக் கொள்கை என்றொரு நம்பிக்கை ஓங்கியிருந்தது. உடற்பயிற்சியால் தசை உரம் பெறுவதுபோல, இலத்தீன் இலக்கணத்தாலும் கணிதத்தாலும் மனம் கூர்மை பெற்று, எத்துறையிலும் திறம்படச் செயற்படும் என்பதே அது. தார்ண்டைக், உட்வொர்த் என்னும் உளநூலார் இருவர் இதனைச் சோதித்தனர். இக்கொள்கை மெய்யாயின், சில வடிவங்களின் பரப்பளவைக் கண்ணால் மதிப்பிடப் பழகியவர், வேறு வடிவங்களையும் அவ்வாறே நன்கு மதிப்பிட வேண்டுமன்றோ? 1901-இல் அவர்கள் வெளியிட்ட முடிவுகள், அத்திறன் பிறவற்றிற்கு மிகக் குறைவாகவே சென்றதைக் காட்டின. இரு செயல்களுக்கும் பொதுவான கூறுகள் உள்ள அளவிற்கே பயிற்சியின் பயன் ஒன்றிலிருந்து மற்றொன்றிற்குச் செல்லும் என்பது அவர்கள் முன்வைத்த மாற்றுக் கொள்கை. தெளிவாகக் கூறப்பட்ட கொள்கை, தவறாக இருப்பினும் ஆராய்ச்சிக்குத் துணை செய்கிறது என்பதை இங்கே நோக்குக.

இதனினும் சுவையானது சார்லஸ் ஜட் என்பார் 1908-இல் விளக்கிய சோதனை. நீரில் மீன் குத்துவோர், கண்ணுக்குத் தெரியும் இடத்திற்குச் சற்றுக் கீழே குறிவைப்பர்; ஒளி விலகலால் மீன் மேலெழும்பித் தோன்றுவதே காரணம். ஜட், ஐந்தாம் ஆறாம் வகுப்புச் சிறுவரை இரு பிரிவாக்கி, ஒரு பிரிவினருக்கு மட்டும் ஒளி விலகலை விளக்கினார். பின்னர், 12 அங்குல ஆழ நீரிலிருந்த இலக்கின்மீது சிற்றீட்டி எறியுமாறு இரு பிரிவினரையும் பணித்தார். விளக்கம் கேட்டவர்கள் மற்றவரை விஞ்சவில்லை. கைப்பழக்கம் இன்றிக் கொள்கை மட்டும் குறி தவறாது எறியச் செய்யாது என்பது இதனால் விளங்கும். பழமொழி மெய்யாவது இவ்வளவில்தான்.

சோதனை அத்துடன் முடிந்திருந்தால், விளக்கத்தால் பயனில்லை என்றே நாமும் முடிவு கட்டியிருப்போம். ஜட் அத்துடன் நிற்கவில்லை. நீரின் ஆழத்தை 4 அங்குலமாகக் குறைத்தார். விளக்கம் கேளாத சிறுவர் பழைய பழக்கத்தையே பின்பற்றித் தடுமாறினர். கேட்டவரோ விரைவில் தம் குறியைத் திருத்திக்கொண்டனர். நிலைமை மாறும்போதுதான் அறிவின் பயன் வெளிப்படும் என்ற கொள்கை அவரிடம் இருந்தமையாலேயே, ஆழத்தை மாற்றிப் பார்க்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றிற்று. எண் விவரங்களை அவர் விரிவாகத் தரவில்லை என்ற குறை உண்டு. 1941-இல் ஹென்ட்ரிக்சன், ஷ்ரோடர் என்னும் இருவர் காற்றுத் துப்பாக்கியைக் கொண்டு இவ்வகைச் சோதனையை மீண்டும் நடத்தினர். விளக்கம் பெற்றோரே அதிலும் முந்தினர்.

எதை மாற்றுவது என்பதை மட்டுமன்றி, எப்போது அளப்பது என்பதையும் கொள்கையே உணர்த்தும். 2006-இல் ரோடிகர், கார்ப்பிக்கே என்னும் அறிஞர்கள் வெளியிட்ட ஆய்வில், ஒரு பகுதியைத் திரும்பத் திரும்பப் படித்தவர்கள் 5 நிமிடம் கழித்து மிகுதியாக ஒப்புவித்தனர். ஒரு வாரம் கழித்துச் சோதித்தபோதோ, ஏட்டை மூடிவிட்டு நினைவுகூர்ந்து பழகியவர்களே விஞ்சினர். உடனே அளந்து நின்றிருந்தால் முடிவு தலைகீழாகியிருக்கும் அல்லவா?

நாளை உங்களுள் சிலர் ஆசிரியர்களாவீர்கள். சிலர் கல்வி ஆராய்ச்சியிலும் புகுவீர்கள். 'பத்து முறை எழுதி வா' என்னும் நம் பள்ளி வழக்கத்தையே ஆராய்வதாக வைத்துக்கொள்ளுங்கள். எழுதுவதால் பயன் உண்டாயின், அது கையின் பழக்கத்தாலா, நினைவுகூரும் முயற்சியாலா? கைப்பழக்கத்தால் எனின், பார்த்து எழுதினாலும் போதும். நினைவு முயற்சியால் எனின், பாராமல் எழுதுவதே சிறக்கும். இவ்வாறு பிரித்துணர்ந்த பின்னரே எவ்வெவரை ஒப்பிடுவது, எப்போது அளப்பது என்பது தெளிவாகும். என் கொள்கை பொய்யாயின் என்ன நிகழும் என்பதையும் முன்னரே எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். எது நிகழினும் பொருந்தும் கொள்கை, எதையும் விளக்காத கொள்கையே.

ஆய்வுக்கூடத்தில் ஒரு கலவை பிழைத்தால் அதனைக் கொட்டிவிட்டு வேறு கலவை செய்யலாம். கல்வி ஆராய்ச்சியின் களமோ குழந்தையின் பள்ளி நாட்கள். ஒருமுறை கழிந்தால் அவை மீளா. ஏன் என்று கேளாமல் அவற்றைச் செலவிட எவருக்கும் உரிமை இல்லை.